கொடுத்த ஜாமீனை நீதிமன்றம் திரும்பப் பெறுவது எப்போது?

சென்னை உயர் நீதிமன்றம் வழங்கும் ஜாமீன் உத்தரவுகளின் கடைசிப் பகுதியைப் பெரும்பாலும் யாரும் வாசிப்பதில்லை. சிறையில் இருப்பவரின் மனைவியோ அண்ணனோ உத்தரவு நகல் கைக்கு வந்ததும் தேடுவது இரண்டு விவரங்களைத்தான்: எத்தனை ஜாமீன்தாரர்கள் வேண்டும், எந்தக் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும். அதற்குக் கீழே, உத்தரவுக்கு உத்தரவு அதிகம் மாறாத சில வரிகள் வரும். சாட்சிகளைக் கலைக்கக் கூடாது, ஆதாரங்களைச் சிதைக்கக் கூடாது, தலைமறைவாகக் கூடாது. இவற்றில் எதை மீறினாலும், அந்த நிபந்தனைகளைத் தானே விதித்து ஜாமீன் கொடுத்ததுபோலவே கருதி மாஜிஸ்திரேட்டோ விசாரணை நீதிமன்றமோ நடவடிக்கை எடுக்கலாம். 2005-இல் பி.கே. ஷாஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை மேற்கோள் காட்டி இந்த வரி வரும். தலைமறைவானால் தனியாக இன்னொரு வழக்கும் பதிவு செய்யலாம் என்று அடுத்த வரி சொல்லும்.

தேன்கனிக்கோட்டையிலோ பென்னாகரத்திலோ இருக்கும் மாஜிஸ்திரேட், சென்னையில் உயர் நீதிமன்ற நீதிபதி கொடுத்த ஜாமீனை, நிபந்தனை மீறப்பட்டது என்று காட்டப்பட்டால், ரத்து செய்து ஆளை மீண்டும் சிறைக்கு அனுப்ப இந்த வரிகள் வழி விடுகின்றன. "ஹைகோர்ட் பெயில், இங்கே யாரும் கை வைக்க முடியாது" என்று தெருவில் நின்று சொல்பவர் அவற்றை வாசித்திருக்க மாட்டார். எதிர்ப்பக்கத்தில் நிற்பவர்களுக்கும் சட்டம் இதே அளவுக்குத்தான் தெரிந்திருக்கும். வெட்டுப்பட்டவர் சேலம் ஆஸ்பத்திரியில் கிடக்கிறார். வெட்டியவர் ஊருக்குள் பைக்கில் சுற்றுகிறார். இந்த ஜாமீனை உடைத்தே ஆக வேண்டும் என்று வக்கீலைத் தேடி வருவார்கள். என்ன காரணம் சொல்வது என்று வக்கீல் கேட்டால், "அவன் செய்த காரியமே போதாதா?" என்பார்கள்.

போதாது. ஏன் போதாது, எதுதான் போதும் என்பதில்தான் ஜாமீன் ரத்து பற்றிய சட்டம் முழுவதும் அடங்கியிருக்கிறது.

2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறையில் இருக்கிறது. வக்கீல்கள் இன்னும் பாதி நேரம் பழைய எண்ணையே சொல்கிறார்கள். 439(2) என்று யாராவது சொன்னால் அது இப்போது 483(3). ஜாமீனில் வெளியே இருக்கும் எவரையும் கைது செய்து காவலில் வைக்க உயர் நீதிமன்றமும் அமர்வு நீதிமன்றமும் உத்தரவிடலாம் என்பதே அந்தப் பிரிவு. மாஜிஸ்திரேட் கொடுத்த ஜாமீனை அந்த மாஜிஸ்திரேட் நீதிமன்றமே திரும்பப் பெற 480(5) இடம் தருகிறது. எந்தெந்தக் காரணங்களுக்காக ரத்து செய்யலாம் என்று இரண்டு பிரிவுகளிலுமே பட்டியல் எதுவும் இல்லை. "தேவை என்று கருதினால்" என்ற அளவில் சட்டம் நிறுத்திக்கொண்டது. காரணங்களை வகுத்தது கடந்த ஐம்பது ஆண்டுத் தீர்ப்புகள்.

அவற்றில் முதலில் நினைவுக்கு வருவது 1978-இல் சஞ்சய் காந்தி சம்பந்தப்பட்ட வழக்கு. நெருக்கடி நிலைக் காலத்தில் ஒரு திரைப்படத்தின் பிரதிகளை அழித்ததாகக் குற்றச்சாட்டு. ஜாமீனில் இருந்தவர் சாட்சிகளைக் கலைக்கிறார் என்று அரசுத் தரப்பு உச்ச நீதிமன்றம் வரை போனது. ஜாமீன் கேட்கும்போது மறுப்பது வேறு, கொடுத்ததைப் பறிப்பது முற்றிலும் வேறு என்று நீதிமன்றம் அதில்தான் தெளிவாகச் சொன்னது. ஜாமீன் கேட்டு வருபவர் ஏற்கெனவே உள்ளே இருக்கிறார். மறுத்தால் இருந்த நிலை நீடிக்கும். ரத்து என்பது வீட்டில் இருப்பவரை, இன்னும் குற்றம் நிரூபிக்கப்படாதவரை, மீண்டும் சிறைக்கு அனுப்புவது. 1994-இல் ஹரியானாவிலிருந்து வந்த தௌலத் ராம் வழக்கில் இதையே இன்னும் இறுக்கிச் சொன்னார்கள்: ரத்து செய்ய மிக வலுவான, மறுக்க முடியாத சூழ்நிலை வேண்டும். மாவட்ட நீதிமன்றங்களில் ரத்து மனுக்கள் தள்ளுபடியாகும்போது அதிகம் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்புகளில் இதுவும் ஒன்று.

ஆகவே குற்றம் எவ்வளவு கொடியது என்ற கேள்விக்கு ஜாமீன் கொடுக்கும் கட்டத்திலேயே விடை சொல்லியாகிவிட்டது. ரத்து மனுவில் அதே கேள்வியை மறுபடியும் கேட்க முடியாது. அங்கே கேட்கக்கூடியவை இரண்டு. வெளியே வந்த பிறகு அந்த நபர் என்ன செய்தார் என்பது ஒன்று. ஜாமீன் கொடுத்த உத்தரவே சரிதானா என்பது இன்னொன்று. இரண்டும் தனித்தனி வழிகள். போக வேண்டிய நீதிமன்றமும் காட்ட வேண்டிய ஆதாரமும் வேறு வேறு. இதைப் பிரித்துப் பார்க்காமல் ஒரே மனுவில் எல்லாவற்றையும் கொட்டுவதால்தான் நியாயமான மனுக்கள்கூடத் தோற்கின்றன.

வெளியே வந்த பிறகு நடந்தது

காவேரிப்பட்டணம் பக்கம் ஒரு மாந்தோப்பு என்று வைத்துக்கொள்வோம். பங்காளிகளுக்குள் போர்வெல் தண்ணீருக்காகத் தகராறு முற்றி, ஒருவர் அரிவாளை எடுத்துவிட்டார். கொலை முயற்சி வழக்கு, இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 109-ஆவது பிரிவு. சில வாரம் சேலம் மத்திய சிறையில் இருந்துவிட்டு, தினமும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும் என்ற நிபந்தனையோடு வெளியே வருகிறார். சம்பவத்தை நேரில் பார்த்தவர் பக்கத்துத் தோட்டத்துப் பெண்மணி. விடிந்தால் அவர் கூட்டுறவுச் சங்கத்தில் பால் ஊற்றப் போக வேண்டும். ஒருநாள் அந்த வரிசையில் நிற்கும்போது ஜாமீனில் வந்தவரின் மைத்துனர் பக்கத்தில் வந்து நிற்கிறார். "அக்கா, கோர்ட்டில் பார்த்துப் பேசுங்கள். உங்கள் வீட்டிலும் ஆண் பிள்ளை இருக்கிறான்" என்கிறார். சொன்னது அவ்வளவுதான். கையில் கத்தி இல்லை, வாயில் கெட்ட வார்த்தை இல்லை.

ஜாமீன் ரத்துக்கு இது போதுமான காரணமா என்றால், காரணம் போதும், ஆதாரம்தான் பற்றாது. மைத்துனர் தானாகவே வந்து பேசினாரா, அனுப்பப்பட்டு வந்தாரா? அந்தத் தொடர்பைக் காட்ட வேண்டும். சஞ்சய் காந்தி வழக்கிலேயே நீதிமன்றம் இதையும் சொல்லியிருக்கிறது: ஒரு சாட்சி பிறழ்ந்துவிட்டார் என்பதை மட்டும் வைத்து, குற்றம்சாட்டப்பட்டவர்தான் அவரைக் கலைத்தார் என்று முடிவுகட்ட முடியாது. பாசத்தாலும் சாட்சி மாறலாம், பயத்தாலும் மாறலாம். ஆனால் அதே தீர்ப்பு புகார்தாரர் பக்கம் ஒரு பெரிய சலுகையையும் வைத்தது. கொலைக் குற்றத்தை நிரூபிப்பதுபோலச் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டியதில்லை. நடந்திருக்க அதிக வாய்ப்பு இருக்கிறது என்று காட்டினாலே போதும். சொத்து வழக்கில் கேட்கும் அளவு ஆதாரம், அவ்வளவே.

எனவே அந்தப் பெண்மணி செய்ய வேண்டியது, ஊர்ப் பெரியவரிடம் போய்ச் சொல்லி அழுவதோடு நிற்காமல், அன்றோ மறுநாளோ காவல் நிலையத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்குவது. நிலையத்தில் வாங்க மறுத்தால் அதே புகாரைக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்புவது. பால் சங்கத்தில் கேமரா இருந்தால், பதிவு அழிவதற்குள் அதைக் கேட்டு வாங்குவது. போனில் மிரட்டினார்கள் என்றால் அந்தப் பதிவோடு, மின்னணு ஆதாரத்துக்குச் சட்டம் கேட்கும் சான்றையும் இணைப்பது. சாட்சியை மிரட்டுவது தனிக் குற்றம். பாரதிய நியாய சன்ஹிதாவின் 232-ஆவது பிரிவு. அதில் ஒரு முதல் தகவல் அறிக்கை பதிவாகிவிட்டால் ரத்து மனுவின் எடையே வேறு. நீதிமன்றத்துக்குத் தேதி வேண்டும், நேரம் வேண்டும், இடம் வேண்டும். "தொடர்ந்து மிரட்டி வருகிறார்" என்ற ஒற்றை வரியோடு வரும் மனு, எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து நின்று "எப்போது, எங்கே?" என்று கேட்டதும் படுத்துவிடும்.

சாட்சிகள் பிறழ்வது தர்மபுரிக்குப் புதிதல்ல. 2000 பிப்ரவரி 2 அன்று இலக்கியம்பட்டி அருகே வேளாண் கல்லூரி மாணவிகள் மூவர் உயிரோடு எரிக்கப்பட்ட வழக்கில், கிருஷ்ணகிரியில் விசாரணை தொடங்கியதும் சாட்சிகள் வரிசையாகப் பிறழ்ந்தார்கள். இறந்துபோன ஒரு மாணவியின் தந்தை உயர் நீதிமன்றம் போன பிறகுதான் வழக்கு சேலத்துக்கு மாற்றப்பட்டு, புதிதாக விசாரிக்கப்பட்டு, 2007-இல் தீர்ப்பு வந்தது. நாடே பார்த்துக்கொண்டிருந்த ஒரு வழக்கிலேயே சாட்சிகளின் கதி அதுவென்றால், செய்தித்தாளில் நான்கு வரிகூட வராத மாந்தோப்பு வழக்கில் பால் ஊற்றும் பெண்மணி எத்தனை நாள் தாங்குவார்?

சாட்சியைக் கலைப்பது தவிர வேறு காரணங்களும் தீர்ப்புகளில் நிலைபெற்றிருக்கின்றன. ஜாமீனில் இருக்கும்போது அதேபோன்ற குற்றத்தை மறுபடி செய்வது. ஆதாரங்களை அழிப்பது. விசாரணைக்கு ஒத்துழைக்காமல் இழுத்தடிப்பது, தப்பி ஓடுவது, ஜாமீன்தாரருக்கே ஆள் எங்கே என்று தெரியாத நிலையை உண்டாக்குவது. இவற்றில் 'அதே குற்றம்' என்பது தர்மபுரி, கிருஷ்ணகிரி அடங்கிய நமது பகுதியில் தனியாகக் கவனிக்க வேண்டியது. கருவில் இருப்பது ஆணா பெண்ணா என்று ஸ்கேன் எடுத்துச் சொல்லும் கும்பல்கள் தர்மபுரி மாவட்டத்தில் திரும்பத் திரும்பப் பிடிபட்டிருக்கின்றன. ஜாமீனில் வந்தவர்களே மறுபடியும் சிக்கினார்கள் என்ற செய்திகளும் வந்தன. இரண்டாவது வழக்கைப் பதிவு செய்யும் காவல்துறை, முதல் வழக்கின் ஜாமீனை ரத்து செய்யவும் கூடவே மனுப் போட்டாக வேண்டும். ஆனால் அந்த வேலை இன்னொரு நிலையத்தின் கோப்பில், இன்னொரு அதிகாரியின் மேஜையில் கிடக்கும். ஒரு நிலையம் பிடித்த ஆள் பக்கத்து நிலையத்து வழக்கில் ஜாமீனில் இருப்பவர் என்பது கணினியில் பார்த்தால் தெரியும்; பார்க்க ஒருவர் வேண்டும்.

எவை ரத்துக்குப் போதாது என்பதையும் சொல்லியாக வேண்டும், இல்லையென்றால் கட்டுரை ஒருபக்கமாகப் போய்விடும். ஒருநாள் கையெழுத்துப் போடாதது, காய்ச்சலில் கிடந்து இரண்டு நாள் தவறியது ஆகியவற்றுக்காக ஒருவரை உள்ளே தள்ள முடியாது. மீறல் என்றாலே தானாக ரத்து ஆகிவிடாது. அது வேண்டுமென்றே செய்ததா, அதனால் வழக்குக்குக் கெடுதல் வந்ததா என்று பார்க்க வேண்டும். ரத்து செய்யும் முன் அவருக்கு நோட்டீஸ் கொடுத்து அவர் தரப்பையும் கேட்க வேண்டும். நிபந்தனையே முறையற்றதாக இருந்தால் அதை மீறியதைக் குற்றமாக்கவும் முடியாது. கூகுள் மேப்பில் தன் இருப்பிடத்தை விசாரணை அதிகாரி எப்போதும் பார்க்கும்படி வைத்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை 2024 ஜூலையில் ஃபிராங்க் விட்டஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. ஜாமீனில் இருப்பவரும் அந்தரங்கம் உள்ள மனிதர்தான் என்பது அதன் சாரம்.

ஊரில் இன்னொரு குழப்பமும் உண்டு. வாய்தாவுக்குப் போகாததால் பிடியாணை பிறந்துவிட்டால், "பெயில் கேன்சல் ஆகிவிட்டது" என்று வீட்டில் பதறுவார்கள். அது வேறு. பிடியாணை என்பது ஆளைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லும் உத்தரவு. வக்கீல் மூலம் ஆஜராகி, காரணம் சொல்லி, அதைத் திரும்பப் பெறக் கேட்கலாம். பெரும்பாலும் கிடைக்கும். ஆனால் தொடர்ந்து வராமல் இருந்தால் பிணைப்பத்திரம் பறிமுதல் ஆகும். நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 491, 492-ஆவது பிரிவுகள் அங்கே வரும். அப்போது அடிபடுவது ஜாமீன்தாரர்கள். உறவுக்காக ஆதார் நகலும் வரி ரசீதும் கொடுத்து, போட்டோ ஒட்டி, இடது கைப் பெருவிரல் ரேகை வைத்துவிட்டு வந்த சித்தப்பாவுக்குப் பணம் கட்டச் சொல்லி நோட்டீஸ் வரும். சில ஆயிரம் ரூபாய்தான் என்றாலும், அந்த நோட்டீஸோடு உறவு முடிந்துவிடும். ஜாமீனில் வந்தவர் தக்க காரணமின்றி நீதிமன்றத்துக்கு வராமல் இருப்பது நியாய சன்ஹிதாவின் 269-ஆவது பிரிவின்படி ஓராண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய தனிக் குற்றமும்கூட.

உத்தரவே தவறாக இருந்தால்

இரண்டாவது வழியில், வெளியே வந்தவர் ஒழுங்காக இருக்கிறாரா என்பதே கேள்வி இல்லை. தினமும் கையெழுத்துப் போட்டிருக்கலாம், யாரையும் ஏறிட்டுக்கூடப் பார்க்காமல் இருந்திருக்கலாம். ஜாமீன் கொடுத்த நீதிபதி பார்க்க வேண்டியதைப் பார்க்காமல், பார்க்கக் கூடாததைப் பார்த்துக் கொடுத்துவிட்டார் என்பதே இங்கே வாதம். 2001-இல் பூரன் எதிர் ராம்பிலாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டை அழுத்தமாக வைத்தது. 2014-இல் நீரு யாதவ் வழக்கில், ஏற்கெனவே பல வழக்குகள் உள்ள ரவுடிப் பட்டியல்காரருக்கு அந்த வரலாற்றைக் கண்டுகொள்ளாமல் கொடுத்த ஜாமீன் நிற்கவில்லை.

ஓசூர்க்காரர்களுக்கு நன்கு தெரிந்த அண்மை உதாரணம் எல்லைக்கு அப்பால் நடந்தது. கன்னட நடிகர் தர்ஷனுக்குக் கொலை வழக்கில் 2024 டிசம்பர் 13 அன்று கர்நாடக உயர் நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. 2025 ஆகஸ்ட் 14 அன்று நீதிபதிகள் ஜே.பி. பர்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு அதை ரத்து செய்தது; அன்றே கைது. உயர் நீதிமன்றம் விசாரணைக்கு முன்பே சாட்சியங்களை எடைபோட்டு, விடுதலைத் தீர்ப்பு எழுதுவதுபோல எழுதிவிட்டது, குற்றத்தின் கடுமையையும் குற்றம்சாட்டப்பட்டவரின் செல்வாக்கையும் சரியாகக் கணக்கில் எடுக்கவில்லை என்பதே சாரம். 'குற்றத்தின் கடுமையை ரத்து மனுவில் பேச முடியாது என்றீர்களே' என்று கேட்கலாம். பேச முடியும், இந்த வழியில் வந்தால் மட்டும். இங்கே கடுமையைப் பேசுவது அவரைத் தண்டிக்க அல்ல. கீழே இருந்த நீதிபதி அதைப் பார்க்கத் தவறினார் என்று காட்ட.

இந்த வழிக்கு ஒரு பூகோளச் சிக்கல் உண்டு. தர்மபுரி அமர்வு நீதிபதி கொடுத்த ஜாமீன் தவறு என்றால், அதை அதே நீதிபதியிடம் போய்ச் சொல்ல முடியாது. தன் உத்தரவைத் தானே திருத்தி எழுதும் அதிகாரம் அவருக்கு இல்லை. வெளியே வந்த பிறகு நடந்த புதிய சம்பவத்தை மட்டுமே அவரிடம் கொண்டுபோகலாம். உத்தரவே தவறு என்றால் சென்னை உயர் நீதிமன்றம்தான். தர்மபுரிக்கும் கிருஷ்ணகிரிக்கும் மதுரைக் கிளை இல்லை, சென்னைதான். வெட்டுப்பட்டவரின் குடும்பம் அரூரிலிருந்தோ ஊத்தங்கரையிலிருந்தோ அவ்வளவு தூரம் போய், மூத்த வக்கீல் ஒருவரைப் பிடித்து, வாய்தாவுக்கு வாய்தா பஸ் ஏற வேண்டும். சட்டம் சமமாகத் திறந்து வைத்திருக்கும் கதவு எல்லோர் வீட்டுக்கும் ஒரே தூரத்தில் இல்லை.

யார் மனுப் போடலாம்?

"அரசு வக்கீல் போட்டால்தான் உண்டு, நாம் போட முடியாது" என்று இன்றும் பலர் நம்புகிறார்கள். அந்த நம்பிக்கையை 2000-ஆம் ஆண்டிலேயே உடைத்தது தமிழ்நாட்டு வழக்கு ஒன்றுதான். 1997-இல் மதுரை மாவட்டம் மேலவளவில் தலித்துகள் வெட்டிக் கொல்லப்பட்ட வழக்கில் சிலருக்கு ஜாமீன் கிடைத்தபோது, 75 வழக்கறிஞர்கள் சேர்ந்து அதை ரத்து செய்யக் கோரினார்கள். அவர்கள் வழக்கில் தரப்பினர் அல்ல என்பதற்காக அந்த மனுவைத் தள்ளிவிட முடியாது என்று உச்ச நீதிமன்றம் ஆர். இரத்தினம் வழக்கில் சொன்னது. இந்த அதிகாரத்தை உயர் நீதிமன்றம் தானாக முன்வந்தே பயன்படுத்தலாம் என்னும்போது, தகவலைக் கொண்டுவந்தவர் யார் என்பது எப்படித் தடையாகும்? புகார்தாரர் போடலாம், பாதிக்கப்பட்டவர் போடலாம், இறந்தவரின் மனைவி போடலாம். 2022 ஏப்ரலில், உத்தரப் பிரதேசத்தில் விவசாயிகள் மீது கார் ஏற்றிக் கொன்றதாகத் தொடரப்பட்ட லக்கிம்பூர் கேரி வழக்கில் ஆசிஷ் மிஸ்ராவின் ஜாமீனை உச்ச நீதிமன்றம் ரத்து செய்ததற்கு, பாதிக்கப்பட்டவர்கள் தரப்பைச் சரியாகக் கேட்கவில்லை என்பதும் ஒரு காரணம்.

சாதி வன்கொடுமை வழக்குகளில் இந்த உரிமை இன்னும் வலுவானது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 15ஏ பிரிவு, ஜாமீன் மனு விசாரணை பற்றிப் பாதிக்கப்பட்டவருக்கு முன்கூட்டியே தெரிவித்து, அவர் பேச இடம் கொடுக்கச் சொல்கிறது. அது சடங்கல்ல, கட்டாயம் என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. தெரிவிக்காமலே கொடுத்த ஜாமீன் என்றால் அதுவே உத்தரவை எதிர்க்கப் போதிய காரணம். அங்கே 14ஏ-யின் கீழ் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு என்பதே வழி. வடதமிழகத்தில் இந்தச் சட்டத்தின் கீழ் பதிவாகும் வழக்குகளில் புகார்தாரரும் எதிரியும் ஒரே கிராமத்தின் ஊருக்கும் காலனிக்கும் இடையிலான ஒரே சாலையில்தான் நடக்கிறார்கள் என்பதை நினைத்தால், இந்த நோட்டீஸ் எவ்வளவு முக்கியம் என்பது புரியும்.

இரண்டு சிறு வகைகளைப் போகிற போக்கில் சொல்லிவிடலாம். அடிதடி வழக்கில் ஜாமீன் வாங்கியவர் வெளியே இருக்கும்போது, அடிபட்டவர் ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டால் வழக்கு கொலையாக மாறும். பழைய ஜாமீன் தானாகக் காற்றில் போகாது. போலீசாரும் நேராகப் போய்த் தூக்கிவிட முடியாது. சேர்ந்த புதிய பிரிவுக்காகக் கைது செய்ய நீதிமன்ற உத்தரவு வாங்க வேண்டும் என்று 2019-இல் பிரதீப் ராம் வழக்கில் தெளிவாக்கினார்கள். அடுத்தது, 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யாததால் கிடைக்கும் ஜாமீன். பின்னால் குற்றப்பத்திரிகை வந்துவிட்டது என்பதால் மட்டும் அதை ரத்து செய்ய முடியாது. அதில் தனியாக வலுவான காரணங்கள் தெரிந்தால் முடியும் என்று 2023 ஜனவரியில், ஆந்திராவின் விவேகானந்த ரெட்டி கொலை வழக்கில் முடிவானது. தாமதம் செய்த போலீசாருக்கு இது மறைமுகப் பரிசாக ஆகிவிடுமோ என்ற என் உறுத்தல் மட்டும் போகவில்லை.

குண்டர் சட்டம் என்ற குறுக்கு வழி

காவல்துறை ஏன் ரத்து மனுக்களை அதிகம் போடுவதில்லை? சோம்பேறித்தனம் என்று சொல்லிவிட்டுப் போவது எளிது. என் பார்வையில் முக்கியக் காரணம், கையில் அதைவிடச் சுலபமான கருவி இருப்பது. ஜாமீனில் வந்தவர் அல்லது வரப்போகிறவர் தொல்லை என்று தெரிந்தால், 1982-ஆம் ஆண்டு 14-ஆம் எண் தமிழ்நாடு சட்டத்தின் கீழ், நாம் குண்டர் சட்டம் என்று சொல்வதில், ஓராண்டு வரை தடுப்புக் காவலில் உள்ளே வைத்துவிடலாம். நமது இரண்டு மாவட்டங்களிலும் அந்த உத்தரவில் கையெழுத்திடுவது ஆட்சியர். சாட்சியைக் கூண்டில் ஏற்ற வேண்டாம், எதிர்த்தரப்பு வக்கீலின் கேள்விகளுக்குப் பதில் சொல்ல வேண்டாம்.

2025 ஜூனில், கேரளத்திலிருந்து வந்த தன்யா என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் கண்டித்தது. ஜாமீன் நிபந்தனையை மீறுகிறார் என்றால் ஜாமீனை ரத்து செய்யச் சொல்லிக் கேளுங்கள். தடுப்புக் காவலை அதற்குப் பதிலாகப் பயன்படுத்தாதீர்கள். நோட்டீஸ், இரு தரப்பு வாதம், காரணம் எழுதிய உத்தரவு, மேல்முறையீடு எல்லாம் ரத்து மனுவில் உண்டு. தடுப்புக் காவலில் அந்த உத்தரவைப் பரிசீலிக்கும் அறிவுரைக் கழகமும், பிறகு உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுவும்தான். இன்னொரு விளைவும் இருக்கிறது. தடுப்புக் காவல் உத்தரவு ஏதோ நடைமுறைப் பிழையால் ரத்தானால் ஆள் மறுபடி வெளியே வருகிறார். மிரட்டப்பட்ட சாட்சியின் வாக்குமூலம் எந்த நீதிமன்றத்திலும் பதிவாகியிருக்காது. பால் சங்க வரிசையில் நடந்ததற்கு அப்போதும் ஒரு தாள் ஆதாரம் இருக்காது.

எதிர்த்திசையிலும் ஒரு தவறு நடந்தது. உத்தரப் பிரதேசத்தில், சாட்சிகளை மிரட்டுகிறார்கள் என்று வந்த ரத்து மனுக்களை, 'சாட்சிகள் பாதுகாப்புத் திட்டம் இருக்கிறதே, அங்கே போங்கள்' என்று உயர் நீதிமன்றம் அச்சடித்ததுபோல ஒரே வாசகத்தில் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தது. ஒன்று மற்றதற்கு மாற்றாகாது என்று 2025 செப்டம்பரில் ஃபிரேராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் திருத்தியது. 2018-இல் வந்த அந்தத் திட்டம் இங்கேயும் உண்டு. மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவிடம் சாட்சி விண்ணப்பிக்கலாம். காவல்துறை அச்சுறுத்தல் பற்றிய அறிக்கை தர வேண்டும். விண்ணப்பித்துக்கொண்டே ரத்து மனுவும் போடலாம், போட வேண்டும்.

செல்வாக்கே ஒரு நிபந்தனை மீறலாகுமா என்ற கேள்வி செந்தில் பாலாஜி விவகாரத்தில் எழுந்தது. 2024 செப்டம்பர் 26 அன்று உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. மூன்றே நாளில் அமைச்சரானார். அமைச்சரை எதிர்த்து யார் சாட்சி சொல்வார்கள் என்று கேட்டு ஜாமீனைத் திரும்பப் பெறக் கோரினார்கள். பதவியா, ஜாமீனா என்று முடிவு செய்யுமாறு 2025 ஏப்ரலில் நீதிமன்றம் சொன்னது, அந்த மாதக் கடைசியில் பதவி விலகினார், ஜாமீன் தப்பியது. யாரையும் மிரட்டியதாக நிரூபிக்கப்படாமலே, நாற்காலியின் எடையை நீதிமன்றம் கணக்கில் எடுத்த விதம் கவனிக்கத்தக்கது. ஊராட்சித் தலைவர்கள், கட்சி ஒன்றியச் செயலாளர்கள் மீதான வழக்குகளில் இந்த வாதத்தை எழுப்ப இடம் இருக்கிறது.

செல்வாக்கு இல்லாதவர்களின் பக்கமும் சட்டம் பேசியிருக்கிறது. 1978-இல் மத்தியப் பிரதேசக் கொத்தனார் மோதி ராமிடம் 10,000 ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டார்கள். அவருடைய அண்ணன் தம்பியின் சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று அதையும் ஏற்கவில்லை. நீதிபதி கிருஷ்ணய்யர் கொதித்தெழுந்து, 1,000 ரூபாய் சொந்தப் பிணையில் விடச் சொன்னார். ஓசூர் சிப்காட்டில் வேலை செய்யும் வெளிமாநிலத்தவருக்கும், ஆனேக்கல்லிலோ குப்பத்திலோ சொந்தபந்தம் வைத்திருக்கும் எல்லையோரக் குடும்பங்களுக்கும் இன்றும் பயன்படும் தீர்ப்பு அது. ஜாமீன்தாரர் கிடைக்காமல் தவிப்பது வேறு, ஜாமீனைத் துஷ்பிரயோகம் செய்வது வேறு.

ரத்தானால் என்ன ஆகும்? உத்தரவில் குறிப்பிட்ட கெடுவுக்குள் நீதிமன்றத்தில் சரணடைய வேண்டும், இல்லையென்றால் பிடியாணை. பழைய ஜாமீன்தாரர்களின் பொறுப்பு அதோடு முடியும். மறுபடி ஜாமீன் கேட்கத் தடை இல்லை. ஆனால் எந்தக் காரணத்துக்காக ரத்தானதோ அந்தக் காரணம் தீர்ந்துவிட்டது என்று காட்ட வேண்டும்: மிரட்டப்பட்ட சாட்சி கூண்டில் ஏறிச் சாட்சி சொல்லி முடித்துவிட்டார் என்பது பொதுவாக எடுபடும் காரணம். சஞ்சய் காந்தியின் ஜாமீனையே உச்ச நீதிமன்றம் ஒரு மாதத்துக்குத்தான் ரத்து செய்தது, முக்கியச் சாட்சிகளை விசாரித்து முடிக்கும் வரை. ஆசிஷ் மிஸ்ராவுக்கு 2023 ஜனவரியில் இடைக்கால ஜாமீனும் 2024 ஜூலையில் முழு ஜாமீனும் கிடைத்தன. மாவட்ட நீதிமன்றங்களில் ரத்து மனுப் போடுபவர்கள் இதைக் கேட்கவே மறந்துவிடுகிறார்கள்: முழு ரத்து கிடைக்காவிட்டால், குறைந்தபட்சம் சாட்சி விசாரணை முடியும் வரையாவது எதிரி வேறு ஊரில் தங்கிக் கையெழுத்துப் போட வேண்டும் என்ற மாற்று வேண்டுகோளை அதே மனுவின் கடைசியில் சேர்க்கலாம்.